மார்னிங்டன் பக்கம் ஒயின் டேஸ்டிங் போறீங்களா, மொதல்ல தயிர்சாதம் சாப்பிடுங்க

மெல்பர்ன்ல இருக்கற நம்மாளுங்கள்ல பாதிப் பேருக்கு மார்னிங்டன் பெனின்சுலான்னா கேரம் டவுன்ஸ் சிவா விஷ்ணு கோயிலத் தாண்டி பீச்சுக்குப் போற ரோடு, அவ்ளோதான். அதே ரோட்டுல இன்னொரு அரைமணி நேரம் போயி மேட்டுல ஏறினா ரெட் ஹில், மெயின் ரிட்ஜ்னு ரெண்டு ஊர் வரும். சுத்தி சின்னச் சின்னதா திராட்சைத் தோட்டம், ஒவ்வொண்ணுலயும் ஒரு கொட்டகையோ பழைய வீடோ இருக்கும், உள்ள ஒரு கவுன்டர், கவுன்டருக்குப் பின்னாடி நிக்கறவர் பல சமயம் அந்தத் தோட்டக்காரரே தான், இல்லன்னா அவர் பொண்டாட்டி, பையன் யாராச்சும். இதத்தான் இங்க செல்லார் டோர்னு சொல்றாங்க. பார் கிடையாது. குடிக்கறதுக்குப் போற இடம் இல்ல, ருசி பாத்து, கேள்வி கேட்டு, பிடிச்சா ஒண்ணு ரெண்டு பாட்டில் வாங்கிட்டு வர்ற இடம். இந்த வித்தியாசம் புரியாம போனதாலதான் மொத ரெண்டு தடவ நானே அசிங்கப்பட்டேன், அதனால ஊர்ல இருந்து யார் வந்தாலும் இப்ப கிளம்பறதுக்கு முன்னாடியே ஒரு வகுப்பு எடுத்துருவேன், அதத்தான் இங்க எழுதறேன்.

மொதல் விஷயம் புக்கிங். பெரிய இடங்கள்ல ரெஸ்டாரன்ட், சிற்பம் வச்ச தோட்டம் எல்லாம் இருக்கும், வாரம் பூரா திறந்திருக்கும், கூட்டமும் அப்படி இருக்கும். நான் சொல்ற சின்ன இடங்கள் பல வார இறுதியில மட்டும்தான் திறக்கும், சிலது சொல்லி வச்சாத்தான். நாலு பேருன்னு புக் பண்ணிட்டு, கிளம்பற நேரத்துல பக்கத்து வீட்டு அண்ணன் குடும்பமும் சேந்துகிச்சுன்னு ஒம்போது பேரா போய் இறங்கினோம் ஒரு தடவ. கவுன்டர்ல இருந்த அம்மா கத்தல, திட்டல, ஆனா மூஞ்சி மாறிடுச்சு, ஏன்னா அங்க நிக்கற இடமே ஆறு பேருக்குத்தான், ஊத்தறதுக்கு ஆளும் அவங்க ஒருத்தர்தான். பாதிப் பேர் வெளிய பெஞ்சுல உக்காந்து செல்போன் நோண்டிட்டு இருந்தாங்க. நம்ம வீட்டுக் கல்யாணத்துல பத்து இலை கூடினா சமாளிச்சுருவோம், இங்க அது நடக்காது. எத்தன பேர்னு சரியா சொல்லுங்க, அதுல எத்தன பேர் குடிக்க மாட்டாங்கன்னும் சொல்லுங்க, சும்மா கூட வர்றவங்களுக்கு எனக்குத் தெரிஞ்சு யாரும் காசு வாங்கறதில்ல. கொழந்தைங்கள கூட்டிட்டுப் போலாமான்னு தனியா கேட்டுக்கோங்க, பெரும்பாலும் சரிம்பாங்க, ஆனா கண்ணாடி கிளாஸ் வரிசையா அடுக்கி வச்சிருக்கற இடத்துல ரெண்டு வயசுப் பையன விட்டுட்டு நீங்க நிம்மதியா மோந்து பாக்க முடியாது, நான் பட்டிருக்கேன்.

காசு ஆளுக்கு 10லேந்து 25 டாலர் வரைக்கும் இருக்கும், பாட்டில் வாங்கினா பல இடத்துல அதக் கழிச்சுருவாங்க. தோட்டத்துக்குள்ள நடத்திக் கூட்டிட்டுப் போய் பேரல் இருக்கற ரூம் எல்லாம் காட்டற டேஸ்டிங்னா அதுக்கு மேல ஆகும், ஆனா ஒரு தடவையாச்சும் அதத்தான் எடுங்க, கவுன்டர்ல மட்டும் நின்னுட்டு வந்தா பாதி விஷயம் போச்சு.

மாசத்துல மொத சனிக்கிழமை மட்டும் அந்தப் பக்கம் போகாதீங்க, செப்டம்பர்லேந்து மே வரைக்கும் அன்னிக்கு ரெட் ஹில் மார்க்கெட், ஒத்தையடி ரோடு முழுக்க காரா நிக்கும். மார்க்கெட்டுக்கே போறதா இருந்தா அது வேற கத.

வண்டி யார் ஓட்டறதுன்னு வீட்டுலயே முடிவு பண்ணுங்க, அங்க போய் பாத்துக்கலாம்னு விடாதீங்க. விக்டோரியால முழு லைசென்ஸ் வச்சிருக்கறவங்களுக்கு ரத்தத்துல ஆல்கஹால் 0.05க்குக் கீழ இருக்கணும், புது டிரைவர்ங்க ஒட்டற பி பிளேட் போட்டிருந்தா சுத்தமா பூஜ்யம். ஊர் லைசென்ஸ மாத்தினப்ப பச்சை பி கொடுத்திருந்தாங்கன்னா உங்களுக்கும் பூஜ்யம்தான், வயசு நாப்பதா இருந்தாலும் அதேதான். கணக்கு எப்படின்னா, இங்க ஒரு ஸ்டாண்டர்டு டிரிங்க்னா 10 கிராம் ஆல்கஹால், 13 சதவீத ஒயின்ல 100 மில்லிக்கே அது வந்துரும். டேஸ்டிங்ல ஒரு தடவைக்கு 30 மில்லி மாதிரி ஊத்துவாங்க, பாக்கறதுக்கு மருந்து மூடி அளவு, ஆறு ஒயின்னா 180 மில்லி, கிட்டத்தட்ட ரெண்டு டிரிங்க் ஆச்சு. இது ஒரு இடத்துல. மூணு இடம் போனா? அதுவும் வெறும் வயித்துல? ஓட்டறவர் துப்பினாக்கூட கொஞ்சம் உள்ள போகத்தான் செய்யும், அதனால ஓட்டறவர் மோந்து பாக்கறதோட நிறுத்திக்கறது நல்லது, அவருக்கு ஒரு பாட்டில் வாங்கிக் கொடுத்து சமாதானம் பண்ணிருங்க. பஸ்ஸ நம்பாதீங்க, பிராங்க்ஸ்டன் வரைக்கும் ரயில் உண்டு, அங்கேந்து 788ம் நம்பர் பஸ் கடலோரமா போர்ட்சி வரைக்கும் போகும், ஆனா தோட்டம் எல்லாம் மேட்டுல இருக்கு, அங்க டாக்ஸியும் நெனச்ச நேரத்துக்குக் கிடைக்காது.

இப்ப சாப்பாடு. காலைல காரமா எதுவும் சாப்பிடாதீங்க. நான் மொத தடவ போனப்ப முந்தின நாள் வச்ச வத்தக்குழம்ப இட்லிக்கு ஊத்தி சாப்பிட்டு, மேல ஒரு டிகிரி காபி, போற வழில வாய் நாறுமேன்னு மின்ட் சூயிங்கம் வேற. அங்க போய் மொத கிளாஸ வாயில வச்சா தண்ணில பேஸ்ட் கரைச்ச மாதிரி இருந்துச்சு. அவர் ஏதோ பேரிக்கா, வெள்ளைப்பூன்னு சொல்லிட்டு இருக்கார், எனக்கு வத்தலும் புதினாவும்தான் தெரியுது. அதனால தயிர்சாதம், இல்லன்னா பொங்கல், மிளகு கம்மியா. வயித்துல ஏதாச்சும் இருக்கணும், நாக்கு சும்மா இருக்கணும், தயிர்சாதம் மாதிரி இதுக்குத் தோதானது எதுவும் இல்ல. கோயிலுக்குப் போயிட்டு அப்படியே போலாம்னு நெறையப் பேர் பிளான் போடுவாங்க, கோயில் வழியிலதான் இருக்கு, சாமி கோவிச்சுக்குமான்னு நான் சொல்ல முடியாது, ஆனா ஜவ்வாதும் சந்தனமும் தலைல மல்லிகையும் வச்சுட்டு ஒயின மோந்து பாத்தா ஜவ்வாதுதான் வரும், பக்கத்துல நிக்கறவங்களுக்கும் அதுதான் வரும். சென்ட்டும் அப்படித்தான். அன்னிக்கு ஒரு நாள் மட்டும் சோப்பு வாசனையோட போங்க.

போன வருஷம் மார்ச்ல என் மாமனார் வந்திருந்தார். அவருக்குக் கம்பம் பக்கம், ஒண்ணரை ஏக்கர் பன்னீர் திராட்சை. 2023ல புவிசார் குறியீடு கிடைச்சுதே, அந்தப் பன்னீர் திராட்சைதான். மனுஷன் வாழ்நாள்ல ஒரு சொட்டு தொட்டதில்ல. திராட்சைத் தோட்டம் பாக்கப் போலாம் வாங்க மாமான்னு சொல்லித்தான் கூட்டிட்டுப் போனேன், அது பொய்யும் இல்ல. கார்லேந்து இறங்கினதுமே, "என்ன மாப்ள, பந்தலக் காணோம்?"னார்.

அவர் கேட்டதுல பாயின்ட் இருக்கு. கம்பத்துல கல்லுக்கால் நட்டு, கம்பி கட்டி, தலைக்கு மேல பந்தல் போட்டுக் கொடிய ஓட விடுவாங்க, கொத்து நிழல்ல தொங்கும், அடில நின்னு பறிக்கலாம். இங்க இடுப்பு உயரத்துல கம்பி, இலை எல்லாம் அதுக்கு மேல சுவர் மாதிரி நிக்குது, கொத்து கீழ வெளிச்சத்துல கிடக்குது. தோட்டக்காரர் அறுவது வயசு இருக்கும், மண்ணு ஒட்டின பூட்ஸ், நான் மாமா கேட்டத இங்கிலீஷ்ல சொன்னதும் சிரிச்சுட்டு, உங்களுக்கு வெயில் அதிகம், மறைக்கணும், எங்களுக்கு வெயில் பத்தாது, கிடைக்கறத எல்லாம் காய்க்குக் காட்டணும்னார். ஒரே வரில ரெண்டு ஊரும் விளங்கிருச்சு. அப்புறம் மாமா ஒரு எலையத் திருப்பிப் பாத்து விரலால தடவி மோந்துட்டு, "கந்தகம் அடிச்சிருக்காரு, சாம்பல் நோய்க்கு"ன்னார். அதையும் மொழிபெயர்த்தேன். அதுக்கப்புறம் அவங்க ரெண்டு பேருக்கும் நான் தேவப்படல, கையாலயே பேசிகிட்டாங்க, வலையக் காட்டி எந்தப் பறவைன்னு இவர் கேக்க, அவர் கையத் தட்டி சிறகு மாதிரி அடிச்சுக் காட்ட, நான் பின்னாடியே நடந்து போனேன். வருஷத்துக்கு எத்தன வெள்ளாமைன்னு கேட்டு, ஒண்ணுதான்னு சொன்னதும் மாமாவுக்கு அவர் மேல பெரிய பரிதாபம். எங்க ஊர்ல ரெண்டு, மூணு எடுப்போம்னு விரலக் காட்டினார். இங்க குளிருக்கு இலை உதுந்து கொடி தூங்கிரும், ஜூன் ஜூலைல கவாத்து, செப்டம்பர்ல துளிர், நவம்பர் கடைசில பூ, பிப்ரவரி கடைசிலேந்து ஏப்ரல் வரைக்கும் பறிப்பு, முடிஞ்சுது கத.

கடல் எதுக்கு முக்கியம்னு அங்கதான் எனக்கும் சரியா புரிஞ்சுது. பெனின்சுலாவுக்கு ஒரு பக்கம் போர்ட் பிலிப் பே, இன்னொரு பக்கம் வெஸ்டர்ன் போர்ட், கீழ பாஸ் ஸ்ட்ரெய்ட், மூணு பக்கமும் தண்ணி. சிட்டில 38 டிகிரி அடிக்கற அன்னிக்கு இங்க சாயங்காலம் கடல்காத்து வந்து இறக்கி விட்டுரும், குளிர்காலத்துல அதே கடல் ரொம்பக் குளிர விடாது, பனி கொட்டி துளிர் கருகற பயமும் உள்நாட்டு அளவுக்கு இல்ல. பழம் நிதானமா பழுக்கும், இனிப்பு ஏறும்போது புளிப்பு ஓடிப் போகாது. ஆனா இதுக்கு விலை உண்டு, பூ விடற நேரத்துல கடலோரக் காத்தும் மழையும் சேந்து அடிச்சா பூ கொட்டிரும், மாம்பூ உதுர்ற மாதிரியேதான், அந்த வருஷம் கொத்துல பாதி இருக்காது. சின்னத் தோட்டக்காரங்ககிட்ட போன வருஷம் பூ எப்படி இருந்துச்சுன்னு கேளுங்க, விலை ஏன் அப்படி இருக்குன்னு அவங்களே சொல்லுவாங்க.

ஒரு எச்சரிக்கை, யாரும் சொல்லாம வரிசைக்குள்ள இறங்கி செல்ஃபி எடுக்காதீங்க. பைலாக்ஸெரான்னு ஒரு பூச்சி, வேர உறிஞ்சு கொடியவே சாகடிக்கும், மண்ணு ஒட்டின செருப்புல தொத்திகிட்டே வந்துரும். மெல்பர்னுக்கு அந்தப் பக்கம் யாரா வேலின்னு இன்னொரு ஒயின் ஏரியா, அங்க 2006ல அது இருக்கறது தெரிஞ்சுது. அதனால முந்தின நாள் யாரா வேலி போயிட்டு அதே ஷூவோட இங்க வந்தீங்கன்னா இறங்கறதுக்கு முன்னாடியே சொல்லிருங்க, கழுவ ஏதாச்சும் கொடுப்பாங்க.

சரி, கவுன்டர். மொதல்ல வெள்ளை, அப்புறம் சிவப்பு, லேசானதுலேந்து கனமானதுக்குப் போவாங்க. இந்தப் பக்கம் பெரும்பாலும் பினோ க்ரி, ஷார்டனே, பினோ நுவார், இந்த மூணு திராட்சைதான், மொத ரெண்டும் வெள்ளை ஒயின், கடைசி சிவப்பு, அதுலயும் பினோ நுவார்தான் ராஜா. கிளாஸ கிண்ணத்துல பிடிக்காதீங்க, கை சூடு ஏறும், கீழ தண்டுல பிடிங்க. சாச்சு வச்சு வெள்ளைப் பேப்பர் மேல பாருங்க. பினோ நுவார்ல பின்னாடி இருக்கற எழுத்து தெரியும், இதப் பாத்துட்டு என் கூட வந்த ஒருத்தர் தண்ணி கலந்துட்டாங்கடான்னு காதுல சொன்னார். அப்படி இல்ல, நிறம் தோல்லேந்துதான் வருது, இந்தத் திராட்சைக்குத் தோல் மெல்லிசு, அவ்ளோதான். அடுத்து சுத்தறது, சினிமால காத்துல சுத்துவாங்களே, அது வேண்டாம், சட்டைல கொட்டும். கிளாஸ கவுன்டர்லயே வச்சு அடிய தேச்சு சின்னதா வட்டம் போடுங்க, மூணு சுத்து போதும். மூக்க உள்ள விட்டு ஒரு தடவ மோந்து பாருங்க. அப்புறம் கொஞ்சூண்டு வாயில எடுத்து, சூடா ரசம் குடிக்கறப்ப சர்ருன்னு காத்த சேத்து உறிவோமே, அதே மாதிரி உறியுங்க. வெள்ளைக்காரன் வீட்டுல சாப்பிடறப்ப சத்தம் போடக்கூடாதுன்னு நாம கத்துகிட்டத இங்க மறந்துரலாம், இங்க சத்தம் வந்தாத்தான் ஆள் தெரிஞ்சவன்.

இங்கதான் எல்லாரும் வாய மூடிருவாங்க. ஊத்தறவர் எப்படி இருக்குன்னு கேப்பார், நம்மாள் நைஸ்ம்பான். அடுத்ததும் நைஸ். ஏன்னா சீட்டுல ராஸ்பெர்ரி, பிளம், பாரஸ்ட் ஃப்ளோர், அதாவது காட்டுத் தரை வாசனைன்னு எழுதியிருக்கும், நாம வளந்த ஊர்ல ராஸ்பெர்ரியப் பாத்ததே கிடையாது, ஐஸ்கிரீம்ல பாத்ததோட சரி. ஐயா, அது அவங்க நாக்கு. நம்மகிட்ட இல்லாத வார்த்தையா? அவங்க டேனின்னு சொல்லி, வாய் காஞ்சு இழுக்கற மாதிரி இருக்கும்னு ரெண்டு வாக்கியத்துல விளக்கறாங்க, நமக்கு ஒரே வார்த்தை, துவர்ப்பு. அதுக்குள்ளயே நாவல்பழத் துவர்ப்பு வேற, வாழைப்பூ துவர்ப்பு வேற, கொட்டைப்பாக்கு துவர்ப்பு வேறன்னு அஞ்சு வயசுலேந்து தெரியும். புளிப்புன்னா எலுமிச்சையா, மாங்காயா, புளியா, மோரா? இத்தனையும் நாக்குல இருக்கு, வாயத் தொறந்து சொல்லணும், அவ்ளோதான் வித்தை.

மாமாவுக்கு மூணாவது கிளாஸ், பினோ நுவார், மோந்து மட்டும் பாருங்கன்னு கொடுத்தேன். ரொம்ப நேரம் மோந்தார். அப்புறம் என்கிட்ட, "நாவல்பழம் கழுவுன தண்ணி மாதிரி இருக்கு. அடில சுக்கு வாசனை கொஞ்சம். மழை பேஞ்ச தோட்டத்துல காஞ்ச எலை கெடந்தா வருமே, அதுவும்"னார். நான் இங்கிலீஷ்ல சொன்னேன், நாவல்பழத்துக்குப் போன்ல படம் எடுத்துக் காட்டினேன். ஊத்தினவர் பேனாவ எடுத்து ஒரு சீட்டுல எழுதிகிட்டார். பாரஸ்ட் ஃப்ளோர்னு இவங்க நாப்பது டாலர் புக்குல படிச்சு சொல்றத மாமா ஒரு சொட்டு குடிக்காம சொல்லிட்டார். அப்புறம் கிளாஸ கவுன்டர்ல வச்சுட்டுக் கைய வேட்டில தொடச்சுகிட்டார், வாசம் ஒட்டிக்குமோன்னு.

துப்பறதப் பத்தி. கவுன்டர்ல ஒரு குவளை இருக்கும், நம்ம ஊர்ப் பெரிய வீடுகள்ல வெத்தலைக்குப் படிக்கம் வச்சிருப்பாங்களே, அதேதான். துப்பினா தப்பா எடுத்துக்குவாங்களோன்னு பயந்து எல்லாத்தையும் முழுங்காதீங்க, துப்பறவனத்தான் அவங்க மதிப்பாங்க. உதட்டக் குவிச்சு, நாக்கால தள்ளி, ஒரே கோடா போகணும், சொட்டக்கூடாது. எங்க ஆச்சி திண்ணைல உக்காந்துகிட்டே நாலடி தள்ளி வாசல்ல துப்பும், ஒரு துளி மேல படாது, அந்தத் திறமை எனக்கு வரல, வீட்டுல பாத்ரூம்ல தண்ணி வச்சுப் பழகிட்டுத்தான் போனேன். வாயில வைக்கப் பிடிக்கலன்னா கிளாஸ்ல மிச்சத்த அப்படியே அந்தக் குவளைல கொட்டலாம், யாரும் வீணாகுதேன்னு வருத்தப்பட மாட்டாங்க. நமக்குத்தான் மனசு வராது.

கேள்வி கேளுங்க, அதுக்குத்தான் சின்ன எடத்துக்குப் போறதே. எது நல்லதுன்னு கேக்காதீங்க, எல்லாம் நல்லதுன்னுதான் சொல்லுவாங்க. மண்ணப் பத்தி கேளுங்க. ரெட் ஹில் பேருக்கேத்த மாதிரி செம்மண்ணு, பழைய எரிமலைப் பாறை கரைஞ்சு வந்தது, கீழ மூருடக் பக்கம் மணல் கலந்த மண்ணு, உயரமும் கம்மி, சூடு கூட, அங்க ரெண்டு வாரம் முன்னாடியே பறிச்சுருவாங்க. ஒரே ஆள் ஒரே வருஷம் மேல உள்ள தோட்டத்துப் பழத்துலயும் கீழ உள்ள தோட்டத்துப் பழத்துலயும் தனித்தனியா போட்ட ஒயின் இருந்தா ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல ஊத்தச் சொல்லுங்க. இதவிட நல்ல பாடம் கிடையாது, பொன்னி சோத்தையும் சீரகச் சம்பா சோத்தையும் பக்கத்துல வச்சு சாப்பிட்ட மாதிரி பளிச்சுன்னு தெரியும்.

ஷார்டனே குடிக்கும்போது மாலோ பண்ணினீங்களான்னு ஒரு கேள்வி போடுங்க, உங்களப் பாக்கற பார்வையே மாறும். விஷயம் சிம்பிள், பச்சை ஆப்பிள்ல இருக்கற புளிப்ப பாக்டீரியா தயிர்ல இருக்கற புளிப்பா மாத்திரும், லாக்டிக் ஆசிட், நம்ம வீட்டு உறைமோர்ல இருக்கறதேதான். சுரீர்னு இருந்தது மெத்துன்னு ஆகும், சிலதுல வெண்ணெய் வாசனையே வரும். பினோ க்ரின்னும் பினோ க்ரிஜியோன்னும் எழுதியிருந்தா ரெண்டும் ஒரே பழந்தான், சீக்கிரமா பறிச்சு வெடுக்குன்னு பண்ணா க்ரிஜியோ, விட்டுப் பறிச்சு கனமா பண்ணா க்ரி, அப்படின்னு இங்க ஒரு வழக்கம். ஆஸ்திரேலியால இந்தப் பழத்தப் பிரபலப்படுத்தினதே இந்த ஊர்தான், 1990கள்ல டி'கேலன்ட்ங்கற எடத்துல கேத்லீன் க்வீலியும் கெவின் மெக்கார்த்தியும் பண்ணினது. அதுக்கு முன்னாடி 1972ல எல்ஜி பார்க், 1975ல மெயின் ரிட்ஜ் எஸ்டேட்னு ஒண்ணு ரெண்டு பேர் ஆடு மாடும் ஆப்பிளும் இருந்த மேட்டுல கொடி நட்டப்ப, இந்தக் குளிர்ல பழுக்குமான்னு எத்தன பேர் கேட்டிருப்பாங்களோ.

ரெண்டு இடம் போதும் ஒரு நாளைக்கு. மூணாவதுல நாக்கு வேல செய்யாது, எல்லாம் ஒரே மாதிரி இருக்கும், அப்பத்தான் தேவையில்லாதத வாங்குவோம். நடுவுல தண்ணி குடிங்க, பிஸ்கட் மாதிரி உப்பில்லாதது எதையாச்சும் கொறிங்க.

சைவக்காரங்களுக்கு ஒரு தகவல். ஒயின் பழம்தானேன்னு நெனைக்காதீங்க, கலங்கல தெளிய வைக்க முட்டை வெள்ளைக்கரு, பால்ல எடுத்த கேசீன், மீன்ல எடுத்த ஐசிங்ளாஸ்னு போடறது உண்டு. முட்டையும் பாலும் போட்டிருந்தா இங்க லேபிள்ல எழுதியே ஆகணும், மீனுக்கு அந்தக் கட்டாயம் இல்ல, அதனால லேபிள மட்டும் நம்பாம வாயத் தொறந்து கேட்டுருங்க, இல்லன்னா வீகன்னு போட்டிருக்கறத எடுங்க.

வாங்கணுமான்னு கேட்டா, கட்டாயம் இல்ல. ஆனா ஒரு மணி நேரம் ஒருத்தர் நின்னு பேசியிருக்கார்னா ஒரு பாட்டிலாச்சும் எடுக்கறது மரியாதைன்னு நான் நெனைக்கறேன். நல்ல பினோ நுவார் 40, 50 டாலர்ல ஆரம்பிக்கும், ஒரே துண்டு நிலத்துப் பழம்னா 80ம் தாண்டும், டான் மர்ஃபி சரக்குக் கடைல 12 டாலருக்குக் கிடைக்குதேன்னு அங்க நின்னு சொல்லாதீங்க, காதால கேட்டிருக்கேன், எங்க மூஞ்சிய வைக்கறதுன்னு தெரியல. திருகு மூடியப் பாத்து மட்டமான சரக்குன்னும் நெனைக்க வேண்டாம், கார்க்கால ஒயின் கெட்டுப்போகுதுன்னு 2000லேந்து ஆஸ்திரேலியால கொஞ்சம் கொஞ்சமா பெரும்பாலானவங்க திருகு மூடிக்கு மாறிட்டாங்க. ஜனவரி பிப்ரவரில போனா எஸ்கி, அதான் ஐஸ் பெட்டி, எடுத்துட்டுப் போங்க, வெயில்ல நிறுத்தின கார் டிக்கில மூணு மணி நேரம் இருந்தா 60 டாலர் பாட்டில் கஷாயம் ஆயிரும்.

வீட்டுல வந்து திறக்கறப்ப கோழி மிளகு வறுவலோட வைக்காதீங்க, காரம் ஆல்கஹால தூக்கிக் காட்டும், ரெண்டும் சேந்து தொண்டைல எரியும். பினோ நுவாருக்குச் சுட்ட கத்திரிக்காய்த் துவையல், காளான் வறுவல், இந்த மாதிரி மண்வாசனை இருக்கறது ஒத்துப் போகும், பினோ க்ரிக்கு மீன், இல்ல தேங்காப்பால் சொதி. மிச்சத்த மூடி ஃப்ரிட்ஜ்ல வச்சா ரெண்டு மூணு நாள் தாங்கும்.

ஊருக்குக் கொண்டு போறதா இருந்தா, இந்தியாவுல ஆளுக்கு 2 லிட்டர் வரைக்கும்தான் வரி இல்லாம விடுவாங்க. 750 மில்லி பாட்டில் ரெண்டு, ஒண்ணரை லிட்டர், சரியா இருக்கும். ஹேண்ட் லக்கேஜ்ல விடமாட்டாங்க, பெரிய பெட்டில துணி சுத்தி நடுவுல வைங்க. மாமா அன்னிக்குக் கிளம்பறப்ப தோட்டக்காரர் அவருக்கு ஒரு பாட்டில் சும்மாவே கொடுத்தார், மாமா வாங்க மாட்டேன்னு கூச்சப்பட்டு, அப்புறம் வாங்கிகிட்டு, சம்பந்தி வீட்டுக்குன்னு ரெண்டு நான் வாங்கிக் கொடுத்ததோட சேத்து மூணையும் வேட்டில சுத்திப் பெட்டிக்குள்ள வச்சார். மாமா, ரெண்டுதான் விடுவாங்கன்னேன். வேட்டிக்குள்ள இருக்கறது யாருக்கு மாப்ள தெரியப்போவுதுன்னார். கடைசி நேரத்துல ஒண்ண வெளிய எடுத்துட்டேன், அது இப்பவும் எங்க வீட்டு அலமாரில இருக்கு, அடுத்த தடவ வரும்போது எங்கன்னு கேப்பார்.